பெட்ரோல் குண்டிலிருந்து ட்ரோன் வரை: டாங்கியை உண்மையில் வீழ்த்தியது எது?

செங்கதிர்:

எந்தப் போரிலும் நாலு டாங்கி எரியும் படம் வந்ததும் "டாங்கியின் காலம் முடிந்தது" என்று ஒரு பக்கம் எழுதுவார்கள், "இதையே நூறு வருஷமாகச் சொல்கிறீர்கள்" என்று இன்னொரு பக்கம் கேலி செய்வார்கள். நான் முதல் பக்கம்தான், ஆனால் ட்ரோன் வந்ததால் அல்ல. சரியான ஆயுதம் கையில் இல்லாதவன் யோசித்துக் கண்டுபிடித்த குறுக்கு வழிகள் டாங்கியைத் திரும்பத் திரும்பத் தோற்கடித்திருக்கின்றன, ராணுவ வரலாறு எழுதுகிறவர்கள் அதை ஓரத்தில் ஒரு வரியாகத் தள்ளிவிட்டுப் போகிறார்கள் என்பதே என் வாதம்.

1939 நவம்பர் 30 அன்று சோவியத் படை பின்லாந்துக்குள் நுழைந்தபோது பின்லாந்திடம் டாங்கி எதிர்ப்புத் துப்பாக்கிகள் போதவே போதாது. அரசு மதுபான நிறுவனமான அல்கோ தன் ஆலையில் நாலரை லட்சத்துக்கும் மேற்பட்ட பெட்ரோல் குண்டு பாட்டில்களைத் தயாரித்து முன்னணிக்கு அனுப்பியது. மரக்கட்டையைச் சக்கரச் சங்கிலிக்குள் செருகி டாங்கியை நிறுத்தியவர்கள்கூட உண்டு.

இன்னொன்று, 1987 ஜனவரி 2, சாட் நாட்டின் வடக்கே ஃபாதா என்ற இடம். அங்கே லிபியாவின் கவசப் படை ஒன்று உட்கார்ந்திருந்தது. ஹசன் ஜமூஸ் தலைமையில் சாட் வீரர்கள் டொயோட்டா பிக்கப் வண்டிகளில் மிலான் ஏவுகணைகளை ஏற்றிக்கொண்டு ஒரே நேரத்தில் பல திசைகளிலிருந்து பாய்ந்தார்கள். லிபியா தரப்பில் 784 பேர் இறந்தார்கள், 92 டி-55 டாங்கிகள் அழிந்தன. சாட் இழந்தது 18 வீரர்களும் 3 டொயோட்டாவும். இதற்கு மேல் என்ன சான்று வேண்டும்?

கோட்டைவாசல்:

சான்று நிறைய வேண்டும். நீங்கள் சொன்ன இரண்டு கதையும் பாதியில் நிற்கின்றன.

பின்லாந்தையே எடுத்துக்கொள்வோம். 1939 டிசம்பரில் சும்மா என்ற இடத்தில் சோவியத் டாங்கிகள் பின்லாந்தின் அரண் வரிசையை உடைத்துக்கொண்டு உள்ளே போயேவிட்டன. பின்னால் வரவேண்டிய காலாட்படை வரவில்லை, பின்லாந்துக்காரர்கள் அவர்களைச் சுட்டு நிறுத்திவிட்டார்கள். உள்ளே போன டாங்கிகள் எங்கே போவது என்று தெரியாமல் சுற்றின, இருட்டியதும் ஒவ்வொன்றாக மாட்டின. பாட்டிலும் வெடிமருந்துப் பொட்டலமும் வேலை செய்தது அந்த நிலைமையில்தான். அப்புறம் என்ன ஆனது? சோவியத் தளபதி திமோஷென்கோ பொறுப்பேற்றார், நாள்கணக்கில் பீரங்கியால் அடித்தார்கள், காலாட்படையை டாங்கியோடு சேர்த்து நகர்த்தப் பயிற்சி கொடுத்தார்கள், 1940 பிப்ரவரி 11 அன்று அதே சும்மா பகுதியில் வரிசை உடைந்தது. அதே பாட்டில், அதே வீரன், கிட்டத்தட்ட அதே டாங்கிகள். இரண்டு மாதத்தில் மாறியது எதிராளியின் ஒழுங்கு மட்டும்தான்.

சாட் விஷயத்தில் நீங்கள் விட்டது இன்னும் பெரியது. லிபியா அங்கே அதுவரை நம்பியிருந்தது சாட் கிளர்ச்சித் தலைவர் குகூனி ஊடேயின் ஆட்களை. வேவு பார்ப்பது, காலாட்படையாகப் போய் மோதுவது எல்லாம் அவர்கள். டாங்கியும் பீரங்கியும் விமானமும் லிபியாவுடையது. 1986 இறுதிக்குள் அந்த ஆட்களில் பெரும்பாலோர் கட்சி மாறி அரசுப் பக்கம் போய்விட்டார்கள். பாலைவனத்தில் கண்ணும் காலும் இல்லாமல் உட்கார்ந்திருந்த டாங்கிகளைத்தான் ஜமூஸ் அடித்தார். மிலான் என்ன, "சரியான ஆயுதம் இல்லாதவன்" கண்டுபிடித்ததா? பிரான்சில் செய்த வழிகாட்டு ஏவுகணை ஐயா அது. போதாக்குறைக்கு பிரெஞ்சு விமானப்படை அந்த நாட்டிலேயே நின்றிருந்தது.

அரைக்கிறுக்கன்:

டொயோட்டா கம்பெனிக்கு இதைவிட நல்ல விளம்பரம் கிடைத்திருக்காது. அந்தச் சண்டைக்கே "டொயோட்டா போர்" என்றுதான் பெயர்.

முன்னாள்_சிப்பாய்:

கோட்டைவாசல் சொல்வதோடு பெரும்பாலும் ஒத்துப்போகிறேன், ஆனால் அவர் சொல்லும் விதத்தில் ஒரு சிக்கல் இருக்கிறது, கடைசியில் வருகிறேன்.

டாங்கிக்குள் உட்கார்ந்ததே இல்லாதவர்களுக்காக முதலில் இதைச் சொல்கிறேன். மூடியை இறக்கிவிட்டால் உள்ளே இருப்பவர்களுக்கு உலகம் சில கண்ணாடிப் பட்டைகளாகச் சுருங்கிவிடும். பக்கத்தில் சில மீட்டர் வட்டத்துக்குள் தரையில் என்ன இருக்கிறது என்று தெரியவே தெரியாது. எஞ்சின் சத்தத்தில் வெளியே யார் கத்தினாலும் கேட்காது. மூடியைத் திறந்து தலையை நீட்டினால் எல்லாம் தெரியும், ஆனால் சுடும் ஆளுக்கும் அந்தத் தலை தெரியும். அதனால்தான் கூடவே நடந்து வரும் காலாட்படை. எவனாவது பள்ளத்திலிருந்து எழுந்தால் அவனைப் பார்ப்பதும் தடுப்பதும் அவர்கள் வேலை. அவர்களைப் பிரித்துவிட்டால் நாற்பது டன் இரும்பின் பக்கத்தில் ஒரு ஆள் தைரியமாக வந்து நிற்கலாம்.

முதல் உலகப்போரிலேயே ஜெர்மானியர்களுக்கு இது பிடிபட்டுவிட்டது. 1916 செப்டம்பர் 15 அன்று சோம் போர்க்களத்தில் டாங்கி முதல்முறை வந்தபோது கலங்கித்தான் போனார்கள். 1917 நவம்பர் 20 அன்று கேம்ப்ரே பகுதியில் ஃப்ளெஸ்கியே கிராமத்தில் எதிரே இருந்தது 54ஆவது ஜெர்மன் டிவிஷன். அதன் பீரங்கிக்காரர்களுக்கு முன்பே டாங்கியைச் சுடப் பயிற்சி தந்திருந்தார்கள். பிரிட்டிஷ் காலாட்படை டாங்கிகளுக்கு வெகுதூரம் பின்னால் வந்தது. சாதாரணக் களப் பீரங்கிகளை வைத்தே மேட்டில் ஏறிய டாங்கிகளை ஒவ்வொன்றாக அடித்தார்கள். புதுக் கருவி எதுவும் இல்லை, பயம் போயிருந்தது, அவ்வளவுதான்.

இப்போது நான் சொன்ன சிக்கல். "எதிராளி காலாட்படை இல்லாமல் வந்தான், அதனால் தோற்றான்" என்று சொல்லும்போது அவன் ஏதோ வீட்டில் மறந்து வைத்துவிட்டு வந்தது மாதிரி ஒலிக்கிறது. பல இடங்களில் அவன் கூட்டிக்கொண்டுதான் வந்தான். யாரோ அதைப் பிரித்தார்கள்.

செங்கதிர்:

நன்றி சார், நான் சொல்ல வந்ததே அதுதான். கோட்டைவாசல், காகாசு மேடு என்று கேள்விப்பட்டிருப்பீர்கள். ஒகினாவா, 1945 ஏப்ரல் 19. அமெரிக்கர்கள் சுமார் 30 டாங்கிகளை மேட்டைச் சுற்றிக் கிராமத்துக்குள் அனுப்பினார்கள். காலாட்படை மேட்டைத் தாண்டி வந்து அங்கே சேர்ந்துகொள்ள வேண்டும் என்பது திட்டம். ஜப்பானியர்கள் இதை எதிர்பார்த்தே இருந்தார்கள், இயந்திரத் துப்பாக்கியையும் மோர்ட்டாரையும் டாங்கிகள் மேல் வீணாக்காமல் காலாட்படை வரும் வழியை மட்டும் அடைத்தார்கள். டாங்கிகள் தனியாக உள்ளே போயின. 47 மில்லிமீட்டர் பீரங்கி, கண்ணிவெடி, வெடிமருந்துப் பையோடு ஓடிவந்த ஆட்கள். திரும்பி வந்தவை எட்டு. அந்த இயந்திரத் துப்பாக்கியும் மோர்ட்டாரும் டாங்கிக்கு ஒரு கீறல்கூடப் போடாதவை, ஆனாலும் நான் அவற்றைத்தான் டாங்கி எதிர்ப்பு ஆயுதம் என்பேன்.

ஆகவே பிரிப்பதே தந்திரம். அதை எதிராளியின் தவறு என்ற கணக்கில் எழுதிவிட்டால் பிரித்தவனின் மூளைக்கு மதிப்பில்லாமல் போகிறது.

கோட்டைவாசல்:

காகாசுவில் பிரித்தார்கள், ஒப்புக்கொள்வதில் எனக்குத் தயக்கமில்லை. ஆனால் 22 டாங்கிகளை இழந்த அமெரிக்கா ஒகினாவாவைப் பிடித்ததா இல்லையா? பிறகு டாங்கியும் காலாட்படையும் ஒட்டியே நகர்ந்தன, தீப்பிழம்பு வீசும் டாங்கிகளைக் கொண்டு வந்து குகை குகையாக முன்னேறினார்கள்.

காலாட்படை இல்லாமல் போனால் தோல்விதான் என்று விதி எழுதுவதற்கு முன்னால் கல்கின் கோல் நினைவிருக்கட்டும். 1939 ஜூலை 3, மங்கோலியா. ஆற்றைக் கடந்து ஜப்பானியர்கள் பாயின்-சாகான் மேட்டைப் பிடித்துவிட்டார்கள். சோவியத் தளபதி ஜுகோவிடம் காலாட்படை பக்கத்தில் இல்லை, வரும்வரை காத்திருந்தால் எதிரி பள்ளம் தோண்டி நிலைத்துவிடுவான். 11ஆவது டாங்கி பிரிகேடை அப்படியே அனுப்பினார். ஜப்பானியர்கள் 37 மில்லிமீட்டர் துப்பாக்கியாலும் பெட்ரோல் பாட்டிலாலும் வெளுத்து வாங்கினார்கள், ஏறக்குறையப் பாதி டாங்கிகள் போயின. ஆனால் ஜப்பானியர்கள் மறுபடி ஆற்றைத் தாண்டித் திரும்பிப் போக வேண்டியதாயிற்று. எரிந்த டாங்கிகளை எண்ணினால் ஜப்பான் வெற்றி, நிலத்தைப் பார்த்தால் ஜுகோவ் வெற்றி. நீங்கள் எப்போதும் முதல் கணக்கையே காட்டுகிறீர்கள்.

யாழினி:

இருவரும் டாங்கியை எண்ணுகிறீர்கள், பாட்டிலை எண்ணுகிறீர்கள். பாட்டிலைப் பிடித்திருந்த கையை யாரும் எண்ணுவதாகத் தெரியவில்லை.

"கெட்டிக்காரத் தந்திரம்" என்று சொல்லப்படுவதில் ஒரு பெரிய பங்கு அப்பட்டமான தற்கொலை. ஜப்பானியர்கள் நீண்ட கம்பின் முனையில் வெடியைப் பொருத்தி ஒருவனை ஓடவிட்டார்கள், டாங்கியில் இடித்ததும் அவனும் சேர்ந்து போவான். அதற்கு யோசித்தவர் யார், ஓடியவர் யார் என்று பார்த்தால் இரண்டும் ஒரே ஆள் இல்லை. சோவியத் யூனியன் நாய்களின் முதுகில் வெடியைக் கட்டி டாங்கிக்கு அடியில் போகப் பழக்கியது. பயிற்சியில் நின்றிருந்தவை தங்கள் டாங்கிகள், உண்மையான சண்டையில் சத்தத்துக்கு மிரண்டு பல நாய்கள் தங்கள் பதுங்குகுழிக்கே திரும்பி ஓடின. முன்னூறு ஜெர்மன் டாங்கிகளை அழித்தோம் என்று சோவியத் தரப்பு சொல்லிக்கொண்டது, அந்தக் கணக்கை நம்புகிறவர்கள் குறைவு.

ஜெர்மனியிலும் 1942இல் தனி ஆளாகக் கைவெடியால் டாங்கியை அழித்தவனுக்கென்று சீருடைக் கையில் தைத்துக்கொள்ளும் ஒரு பட்டையை உண்டாக்கினார்கள். ஒரு ராணுவம் இதற்கெல்லாம் பட்டை தைத்துக் கொடுக்க ஆரம்பித்தால், தேவையான பீரங்கியைக் கொடுக்க அதனால் முடியவில்லை என்றுதான் நான் படிப்பேன்.

அரைக்கிறுக்கன்:

1991 ஜூலை ஆனையிறவுச் சண்டையை விட்டுவிட்டீர்களே. புலிகள் கவசத் தகடு அடித்த புல்டோசரை முகாமை நோக்கி ஓட்டி வந்தார்கள், காமினி குலரத்ன என்ற இலங்கை ராணுவச் சிப்பாய் கையெறி குண்டோடு அதன்மேல் ஏறி, அதையும் நிறுத்தித் தானும் இறந்தார்.

கோட்டைவாசல்:

அது டாங்கி இல்லை, அரசியலுக்குள் போகாமல் அதை இங்கேயே விடுவோம். ஆனால் யாழினி சொன்னதற்கு ஒரு உதாரணம் என்ற அளவில் பொருந்துகிறது.

யாழினி:

ஹங்கேரியில் சோவியத்துக்கு எதிராக நடந்த கிளர்ச்சி, புடாபெஸ்ட் 1956, அதைப் பற்றியும் இதையே சொல்வேன். கோர்வின் சந்தில் சண்டை போட்டவர்களில் பதின்வயதுப் பிள்ளைகள் நிறைய. தெருவில் தட்டுகளைக் கவிழ்த்து வைத்துக் கண்ணிவெடி போலக் காட்டினார்கள், டாங்கி தயங்கி நின்ற நேரத்தில் மாடியிலிருந்து பெட்ரோல் பாட்டில் விழுந்தது. சாலையில் எண்ணெய் ஊற்றி வழுக்க வைத்தார்கள். முதல் சில நாள்களில் சோவியத் படை உண்மையிலேயே திணறிப் பின்வாங்கியது. நவம்பர் 4 அன்று பெரும்படையோடு திரும்பி வந்தது, ஒரு வாரத்தில் எல்லாம் முடிந்தது. தட்டு வைத்த பிள்ளைகளில் எத்தனையோ பேர் சிறையில், சிலர் தூக்கில்.

செங்கதிர்:

யாழினி, மறுக்கவில்லை. ஆனால் அந்தப் பிள்ளைகளுக்கு வேறு என்ன வழி இருந்தது? பீரங்கி கிடைக்கும்வரை காத்திருப்பதா? தந்திரம் நாட்டைக் காப்பாற்றவில்லை என்பதும் தந்திரம் டாங்கியை நிறுத்தியது என்பதும் வேறு வேறு. தலைப்பில் நான் கேட்டது இரண்டாவதை மட்டும்தான்.

இன்னொரு விஷயம், நீங்கள் எல்லோரும் ஆளையும் ஆயுதத்தையும் பற்றியே பேசுகிறீர்கள், நிலத்தை ஆயுதமாக்கியவர்களை மறந்துவிட்டீர்கள். 1965 செப்டம்பர், கேம் கரண் பகுதியில் அசல் உத்தர். பாகிஸ்தானின் 1ஆவது கவச டிவிஷன் அந்தக் காலத்தின் நவீன பேட்டன் டாங்கிகளோடு வந்தது. இந்தியப் படை குதிரை லாட வடிவில் பின்வாங்கி நின்றது, கால்வாயை உடைத்து வயல்களில் தண்ணீரை விட்டார்கள், வளர்ந்து நின்ற கரும்புக்குள் பதுங்கினார்கள். சேற்றில் சிக்கிய பேட்டன்கள் பக்கவாட்டைக் காட்டிக்கொண்டு நின்றன. ஜீப்பில் ஆர்.சி.எல். துப்பாக்கியை (பின்னுதைப்பு இல்லாத டாங்கி எதிர்ப்புத் துப்பாக்கி) வைத்துக்கொண்டு அப்துல் ஹமீது ஒன்றன்பின் ஒன்றாக அடித்தார், செப்டம்பர் 10 அன்று அங்கேயே உயிர்விட்டார், பரம்வீர் சக்கரம் கொடுத்தார்கள். மூன்று நாளில் சுமார் 97 பாகிஸ்தான் டாங்கிகள் என்பது இந்தியக் கணக்கு. பிடிபட்ட டாங்கிகளை வரிசையாக நிறுத்திய இடத்துக்கு "பேட்டன் நகர்" என்றே பெயர் வந்தது. தண்ணீரும் கரும்பும் ஜீப்பும்! இதுவும் எதிராளியின் ஒழுங்கின்மை என்பீர்களா?

கோட்டைவாசல்:

அப்துல் ஹமீதின் வீரத்தை யாரும் குறைக்க முடியாது, நானும் குறைக்கவில்லை. ஆனால் சேற்றில் நின்ற பேட்டன்களில் பெரும்பகுதியை அடித்தது எது? 3ஆவது கவல்ரியின் செஞ்சூரியன் டாங்கிகள், டெக்கான் ஹார்ஸின் பழைய ஷெர்மன்கள். நிலைகொண்டு, பதுங்கி, கிட்டத்தில் வரும்வரை பொறுத்துச் சுட்டார்கள். அதாவது டாங்கியை அடித்தது டாங்கி. தண்ணீர் அந்த டாங்கிகளுக்கு இலக்கைக் கொண்டுவந்து கொடுத்தது. இது குறுக்கு வழி இல்லை. தளபதி நிலத்தை ஒழுங்காகப் படித்ததன் பலன், எந்தப் பாடப்புத்தகத்திலும் இருப்பது. டாங்கி என்ற ஒன்று வருவதற்கு முன்பே, 1914 அக்டோபரில், பெல்ஜியர்கள் நியூபோர்ட் மதகைத் திறந்துவிட்டு ஜெர்மானியர்களை நிறுத்தினார்கள். 2022 பிப்ரவரியில் கீவுக்கு வடக்கே இர்பின் ஆற்று அணையை உக்ரைன் திறந்துவிட்டதும் அதே சங்கதி. வெள்ளம் எந்த வண்டியையும் கொல்லவில்லை, நகரத்துக்குள் வரும் வழிகளைச் சுருக்கியது, சுருங்கிய வழியில் பீரங்கி காத்திருந்தது.

பகுதி பகுதியாகப் பார்த்தால் எல்லாம் தந்திரமாகத் தெரியும். முழுச் சண்டையையும் பார்த்தால் தந்திரம் ஒரு கை மட்டுமே, அடித்த கை வேறு.

முன்னாள்_சிப்பாய்:

இரண்டு கையும் ஒரே உடம்பில்தானே இருக்கிறது. எதற்காக இவ்வளவு பிரிவினை?

அதை விடுங்கள், செச்சன்யத் தலைநகர் குரோஸ்னியை யாரும் எடுக்கவில்லை, எனக்கு ஆச்சரியமாக இருக்கிறது. பிரிப்பது என்ற விஷயத்தை அங்கே செச்சென்கள் செய்தது போல வேறு யாரும் செய்து நான் படித்ததில்லை. 1994 டிசம்பர் 31. ரஷ்ய 131ஆவது மைக்கோப் பிரிகேட் ரயில் நிலையம் வரை எதிர்ப்பே இல்லாமல் போய்விட்டது. உள்ளே விட்டார்கள் என்பதே சரி. செச்சென் குழு என்பது சிறியது: ஆர்.பி.ஜி. (தோளில் வைத்துச் சுடும் ராக்கெட் குண்டு) ஏந்தியவன், இயந்திரத் துப்பாக்கிக்காரன், குறிபார்த்துச் சுடுபவன், கூட இருந்து குண்டு எடுத்துக் கொடுப்பவர்கள். இயந்திரத் துப்பாக்கிக்காரனும் குறிபார்ப்பவனும் சுடச் சுட ரஷ்யக் காலாட்படை வண்டியை விட்டு இறங்கவே முடியாது. பலர் சோவியத் ராணுவத்திலேயே வேலை பார்த்தவர்கள், அந்த டாங்கிகளின் குழல் எவ்வளவு தூக்கும், எவ்வளவு இறங்கும் என்று அவர்களுக்கு அத்துப்படி. கீழே ஐந்தாறு பாகை, மேலே பதினான்கு பாகை அளவில்தான் நகரும். ஆகவே அடித்தளத்திலிருந்தும் மேல்மாடியிலிருந்தும் அடித்தார்கள். வரிசையின் முதல் வண்டியும் கடைசி வண்டியும் போனால் நடுவில் இருப்பவை நகர முடியாது. 26 டாங்கிகளில் 20, 120 காலாட்படைக் கவச வண்டிகளில் 102 போயின என்பது அடிக்கடி சொல்லப்படும் கணக்கு.

இதில் குப்பி இல்லை, தட்டு இல்லை, நாய் இல்லை. ஆர்.பி.ஜி. சாதாரண ஆயுதம். வழக்கத்துக்கு மாறானது அந்த நாலைந்து பேர் கொண்ட குழு அமைப்பு. செங்கதிர் கருவிகளைப் பற்றி எழுதுகிறார், நான் இதைத்தான் எழுதியிருப்பேன். ரஷ்யர்களும் பிறகு விமானத்தைச் சுடும் வண்டிகளை வரிசையில் கலந்துகொண்டார்கள், அவற்றின் குழல் மேலே தூக்கும் என்பதால்.

யாழினி:

1999இல் திரும்பி வந்தபோது என்ன செய்தார்கள் என்பதையும் எழுதுங்கள் சார். முதலில் பீரங்கியாலும் விமானத்தாலும் நகரத்தை இடித்தார்கள், அப்புறம்தான் டாங்கி. மாடி இல்லாத இடத்தில் மாடியிலிருந்து யார் அடிப்பது. குரோஸ்னியில் மிச்சமிருந்த சாதாரண மக்கள் அந்தப் பாடத்துக்கு விலை கொடுத்தார்கள்.

கோட்டைவாசல்:

நான் இதைத்தான் இவ்வளவு நேரமாகச் சொல்கிறேன், யாழினி வேறு பக்கத்திலிருந்து வந்து அதையே சொல்லிவிட்டார். எந்தத் தந்திரத்துக்கும் ஒரு முதல் முறை உண்டு, இரண்டாம் முறையில் எதிராளி கற்றுக்கொண்டு வருகிறான்.

1973ஐப் பாருங்கள். 1967 வெற்றியின் போதையில் இஸ்ரேல் டாங்கியே எல்லாம் என்று நம்பிக் காலாட்படையையும் மோர்ட்டாரையும் அலட்சியம் செய்திருந்தது. எகிப்தியர்கள் சூயஸ் கால்வாயைக் கடந்ததும் சிறு பெட்டியில் தூக்கி வரக்கூடிய மல்யூத்கா ஏவுகணையும் ஆர்.பி.ஜி.யும் கொண்ட காலாட்படையை முன்னால் பரப்பினார்கள். அக்டோபர் 8 அன்று பாய்ந்து வந்த இஸ்ரேலிய டாங்கிகள் அதில் போய் விழுந்தன, அஸ்ஸாஃப் யாகூரி என்ற பட்டாலியன் தளபதியே சிறைப்பட்டார். உலகமெங்கும் டாங்கிக்கு இரங்கல் எழுதினார்கள். சில நாள்கள்தான். அந்த ஏவுகணையைக் கையால் ஓட்ட வேண்டும், மூன்று கிலோமீட்டர் போக சுமார் 25 விநாடி ஆகும், அதுவரை ஓட்டுபவன் கண்ணை எடுக்கக் கூடாது. இது தெரிந்ததும் இஸ்ரேலியர்கள் புகை கிளம்பிய பக்கம் கண்டபடி சுட்டார்கள், டாங்கியை ஆட்டி ஆட்டி ஓட்டினார்கள், மோர்ட்டாரைக் கொண்டு வந்தார்கள். அக்டோபர் 14 அன்று எகிப்து தன் விமான எதிர்ப்புக் குடையை விட்டு வெளியே டாங்கிகளை அனுப்பியபோது சுமார் 250ஐ இழந்தது. பின்னால் எண்ணிப் பார்த்ததில் அந்தப் போரில் பெரும்பாலான டாங்கிகளை வீழ்த்தியது டாங்கிகளே.

செங்கதிர்:

இரண்டாம் முறை கற்றுக்கொண்டு வருகிறான், சரி. மூன்றாம் முறை? நீங்கள் ஒவ்வொரு கதையையும் டாங்கிக்காரன் கற்றுக்கொண்ட இடத்தில் நிறுத்துகிறீர்கள், எதிர்த்தரப்பு மட்டும் கற்காமல் உட்கார்ந்திருக்குமா? 2006 ஆகஸ்டில் லெபனானின் வாதி சலூகியில் இஸ்ரேலின் மெர்காவா டாங்கிகள் 24 உள்ளே நுழைந்தன, அவற்றில் 11 அடிபட்டன. 1973இன் பாடத்தைப் படித்த அதே ராணுவம். இந்த முறை எதிரே இருந்தது கோர்னெட் ஏவுகணை, ஓட்டுபவன் இலக்கின் மேல் குறியை வைத்திருந்தால் போதும்.

இப்போது ட்ரோனுக்கு வருகிறேன், வேண்டுமென்றே கடைசிக்கு வைத்திருந்தேன். இத்தனை நேரம் நீங்களும் சாரும் சொன்னது ஒன்றே ஒன்று: காலாட்படையைப் பிரித்தால் டாங்கி சாகும், சேர்ந்திருந்தால் பிழைக்கும். உக்ரைனில் ஐந்நூறு டாலர் அளவில் கிடைக்கும் எஃப்.பி.வி. ட்ரோனில் (அதன் கேமரா காட்டுவதைப் பார்த்தே ஓட்டுவது) ஆர்.பி.ஜி. குண்டைக் கட்டி அனுப்புகிறார்கள். அனுப்புபவன் பல கிலோமீட்டர் தள்ளி ஒரு நிலவறையில் இருக்கிறான். டாங்கியோடு நூறு காலாட்படை நடந்தாலும் அவர்கள் யாரைப் பார்த்துச் சுடுவார்கள்? பிரிக்கவே தேவையில்லாத நிலைமை வந்துவிட்டது. 2024 ஏப்ரலில் அமெரிக்கா கொடுத்த ஏப்ரம்ஸ் டாங்கிகளையே ட்ரோன் பயத்தில் முன்னணியிலிருந்து பின்னுக்கு இழுத்தார்கள் என்று செய்தி வந்தது.

அரைக்கிறுக்கன்:

ரஷ்யர்கள் டாங்கிக்கு மேல் தகரக் கொட்டகை போட்டு ஓட்டியதைப் பார்த்தீர்களா? ஆமை டாங்கி என்று பெயர் வைத்தார்கள். குழலைத் திருப்ப முடியாது, பக்கத்தில் பார்க்க முடியாது, ஆனால் ட்ரோன் முட்டிக்கொண்டு வெளியிலேயே வெடித்தது.

கோட்டைவாசல்:

கேலியாகத் தோன்றும், ஆனால் அதில் விஷயம் இருக்கிறது. அந்தக் கொட்டகை வண்டிகள் பெரும்பாலும் கண்ணிவெடி உருளையை முன்னால் தள்ளிக்கொண்டு, ட்ரோனின் ரேடியோ அலையைக் குழப்பும் ஜாமர் வைத்துக்கொண்டு, பின்னால் வருகிறவர்களுக்குப் பாதை போடவே வந்தன. 1945இல் பெர்லினுக்குள் போன சோவியத் டாங்கிகள் பான்சர்ஃபாஸ்ட் என்ற ஜெர்மன் டாங்கி எதிர்ப்புக் கை ஆயுதத்துக்குப் பயந்து கம்பி வலை கட்டிக்கொண்டு போனதன் பேரன் இது.

ட்ரோன் கணக்குக்கு வருவோம். அனுப்புவதில் பாதிக்கு மேல் இலக்கைத் தொடுவதே இல்லை, ஜாமிங், பேட்டரி, மரக்கிளை, ஓட்டுபவனின் தவறு என்று போய்விடும். (கண்ணாடி இழையில் ஓடுபவை ஜாமருக்குத் தப்பும், ஆனால் இழை அறுந்தால் கதை முடிந்தது.) தொட்டதிலும் ஒரே அடியில் டாங்கி சாவது குறைவு. நீங்கள் பார்க்கும் காணொளிகளில் வண்டி நிற்கிறதா ஓடுகிறதா என்று கவனியுங்கள். பல வண்டிகள் முன்பே கண்ணிவெடியில் சங்கிலி அறுந்து நின்றவை, குழு இறங்கி ஓடிவிட்டது, அப்புறம் ட்ரோன் நிதானமாக வந்து எரித்துப் படம் எடுக்கிறது. 2023 ஜூன் 8 அன்று மாலா தோக்மாச்கா அருகே உக்ரைனின் லெப்பர்ட் டாங்கிகளும் பிராட்லி வண்டிகளும் குவியலாக நின்ற படம் நினைவிருக்கும், அவற்றை முதலில் நிறுத்தியது கண்ணிவெடி வயல். தரையில் புதைத்து வைப்பதைவிட வழக்கமான, சலிப்பூட்டும் ஆயுதம் எதுவும் இல்லை. அதைப் பற்றி யாரும் ஆர்வமாக எழுதுவதில்லை, படம் நன்றாக வராது.

முன்னாள்_சிப்பாய்:

செங்கதிர் கேட்டதில் ஒன்று மட்டும் எனக்கு உறைக்கிறது. ட்ரோன் காலாட்படையையும் சேர்த்தே வேட்டையாடுகிறது. முன்பு டாங்கியைத் தனிமைப்படுத்த ஒரு இயந்திரத் துப்பாக்கியை நல்ல இடத்தில் வைக்க வேண்டியிருந்தது. இப்போது பத்து கிலோமீட்டர் ஆழத்துக்கு யாரும் கூட்டமாக நடக்கவே முடியாத நிலைமை. அப்படியென்றால் டாங்கி எப்போதுமே தனியாகத்தான் வரும். பிரிப்பது தேவையில்லாமல் போகவில்லை தம்பி, அது இருபத்து நாலு மணி நேரமும் நடந்துகொண்டிருக்கிறது. இதற்குப் பதில் டாங்கியில் இல்லை, அந்த வானத்தை யார் கட்டுப்படுத்துகிறார்கள் என்பதில் இருக்கிறது.

செங்கதிர்:

சார், இதை நான் என் பக்கக் கட்சியாகவே எடுத்துக்கொள்கிறேன்.

கோட்டைவாசல்:

எடுத்துக்கொள்ளுங்கள், ஆனால் முழுசாக எடுங்கள். டாங்கி இல்லை என்றால் அந்தப் பத்து கிலோமீட்டரை எதில் கடப்பது? ரஷ்யர்கள் மோட்டார் சைக்கிளில் ஆளை அனுப்பிப் பார்க்கிறார்கள். வேகமாகப் போகிறான், சில பேர் போய்ச் சேர்கிறார்கள், போய்ச் சேர்ந்தவனிடம் ஒரு துப்பாக்கியைத் தவிர ஒன்றும் இல்லை. ஒரு கட்டடத்தில் இயந்திரத் துப்பாக்கி இருந்தால் அங்கேயே நிற்க வேண்டியதுதான்.

செங்கதிர்:

கட்டடத்துக்குள்ளும் ட்ரோன் போகும். டாங்கிக் குழல் இப்போது செய்யும் வேலையில் பாதியை, பின்னால் மறைந்து நின்று சுடுவதை, சாதாரண பீரங்கி செய்துவிடும். மிச்சப் பாதிக்கு என்ன வேண்டும் என்பதே கேள்வி, அதற்கு ஐம்பது டன் தேவையா என்பது அடுத்த கேள்வி.

யாழினி:

ஐம்பது டன்னோ ஐந்நூறு கிராமோ, அந்த நிலவறையில் உட்கார்ந்து ட்ரோன் ஓட்டுபவனைத்தான் இரண்டு தரப்பும் இப்போது முதலில் தேடுகின்றன. 1973இல் ஏவுகணை ஓட்டியவனைத் தேடிச் சுட்டது போலவே. ஓட்டுபவன் தூரத்தில் இருக்கிறான், பத்திரமாக இருக்கிறான் என்று யாரும் நினைத்துக்கொள்ள வேண்டாம்.

கோட்டைவாசல்:

சரியான இடத்தில் பிடித்தீர்கள் யாழினி. செங்கதிர், கண்ணிவெடியைப் பற்றித் தனி இழை ஒன்று தொடங்குகிறேன், எல் அலமைனில் ஜெர்மானியர்கள் புதைத்த லட்சக்கணக்கான வெடிகளிலிருந்து ஆரம்பித்து. இங்கே அதைத் திணித்தால் யாரும் படிக்க மாட்டார்கள். குறுக்கு வழிதான் டாங்கியை வீழ்த்தியது என்று இன்னும் நினைத்தால் அங்கே வாருங்கள், 1942இலிருந்து கணக்குப் பார்ப்போம்.

செங்கதிர்:

வருகிறேன். சாட் வீரர்கள் கண்ணிவெடிகளின் மேலேயே நூறு கிலோமீட்டர் வேகத்தில் ஓட்டித் தப்பினார்கள் என்று சொல்லப்படுவதை முதல் கேள்வியாக வைத்துக்கொள்ளுங்கள்.